இடுப்பு முன்னால் சாய்ந்திருக்கிறது என்கிறார்கள். அதை நேராக்கியே தீர வேண்டுமா?

வாசகியின் கடிதம், சுருக்கமாக

கடிதம் எழுதியிருப்பவர் 31 வயதுப் பெண். நாள் முழுவதும் கணினி முன் அமர்ந்து செய்யும் வேலை. ஏழு மாதங்களாக அவருக்கு அடிமுதுகில் வலி இருக்கிறது. மாலையில் கூடுகிறது, சற்று நடந்தால் குறைகிறது, கால்களுக்கு இறங்குவதில்லை. காலையில் எழுந்ததும் பத்து நிமிடம் போல முதுகு இறுகியிருக்கிறது, பிறகு தளர்ந்துவிடுகிறது. உடற்பயிற்சிக் கூடத்தில் சேர்ந்தபோது பயிற்றுநர் அவரைப் பக்கவாட்டில் நிறுத்திக் கைப்பேசியில் படம் பிடித்து, அதன்மேல் கோடு போட்டு, "உங்களுக்குப் பெல்விக் டில்ட் இருக்கிறது, இடுப்பு முன்னால் கவிழ்ந்திருக்கிறது, வலிக்கும் வயிறு தள்ளித் தெரிவதற்கும் அதுதான் காரணம்" என்று சொல்லியிருக்கிறார். அதன்பின் எடுத்த எக்ஸ்ரேயில் எலும்புகளில் கோளாறு எதுவும் இல்லை. ஆனால் அறிக்கையில் 'பெல்விக் டில்ட் 14 டிகிரி' என்ற வரி இருந்ததும் அவருடைய அச்சம் உறுதியாகிவிட்டது. அடுத்ததாக, கைகளால் எலும்பைச் சீர்செய்யும் சிகிச்சையாளர் ஒருவர், வலது இடுப்பெலும்பு மேலே ஏறிவிட்டது, வலது கால் குட்டையாகிவிட்டது என்று கூறி, இருபது அமர்வுகளுக்கு முன்பணம் பெற்றிருக்கிறார். ஆறு அமர்வுகள் முடிந்துள்ளன. ஒவ்வொன்றுக்குப் பிறகும் ஓரிரு நாள் இதமாக இருக்கிறது, பிறகு வலி பழையபடி வந்துவிடுகிறது.

இதற்கிடையே அவராகவே சில ஏற்பாடுகளைச் செய்துகொண்டிருக்கிறார்: நிற்கும்போதெல்லாம் பிட்டத்தை இறுக்கி வயிற்றை உள்ளிழுத்துக்கொள்கிறார், காலையும் மாலையும் தொடையின் பின்தசையை இழுத்து நீட்டுகிறார், அலுவலக நேரம் முழுவதும் இடுப்புப் பெல்ட் அணிகிறார். வலி குறையவில்லை; இப்போது பிட்டத்திலும் வலிக்கத் தொடங்கியிருக்கிறது. அவர் கேட்பவை: இது நோயா? பயிற்சியால் நேராகுமா? மீதி அமர்வுகளைத் தொடரலாமா? திருமணத்துக்குப் பின் குழந்தைப்பேற்றுக்கு இது தடையாக வருமா?

இயன்முறை மருத்துவரின் பதில்

அன்புள்ள சகோதரி,

நேரில் பரிசோதிக்காமல் கடிதத்தை மட்டும் வைத்து நோயை நிர்ணயிக்க முடியாது. ஆனாலும் நீங்கள் பொறுமையாகவும் விவரமாகவும் எழுதியிருப்பதால் சிலவற்றை உறுதியாகவே சொல்ல முடிகிறது. இடுப்பு முன்னால் சாய்ந்திருப்பது நோய் அன்று. அது உடல் நிற்கும் ஒரு நிலை. உங்கள் வலி உண்மையானது, அதற்குச் சிகிச்சையும் வேண்டும். ஆனால் அந்த வலியை இடுப்பின் கோணத்தோடு முடிச்சுப் போட்டதிலிருந்துதான் நீங்கள் தேவையற்ற சுமைகளைச் சுமக்கத் தொடங்கியிருக்கிறீர்கள் என்று உங்கள் கடிதம் எனக்குக் காட்டுகிறது.

சாய்வு என்பது என்ன?

இடுப்புக்கூடு என்பது இருபுறமும் உள்ள இரண்டு இடுப்பெலும்புகளும், பின்னால் அவற்றுக்கு நடுவே ஆப்புபோல் பொருந்தியிருக்கும் திருவெலும்பும் வாலெலும்பும் சேர்ந்த வளையம். மேலே முதுகெலும்பு அதன்மீது நிற்கிறது. கீழே இரண்டு தொடையெலும்புகளின் உருண்டைத் தலைகள் அதைத் தாங்குகின்றன. அந்த இரண்டு தலைகளையும் அச்சாகக் கொண்டு இந்த வளையம் முன்னும் பின்னும் உருளக்கூடியது. முன்பக்கம் தாழ்ந்தால் முன்சாய்வு. அப்போது அடிமுதுகின் உள்வளைவு கூடும். பின்பக்கம் தாழ்ந்தால் பின்சாய்வு, அடிமுதுகு தட்டையாகும். ஒரு பக்கம் உயர்ந்து மறுபக்கம் தாழ்ந்தால் பக்கச் சாய்வு. நடக்கும்போது, குனியும்போது, உட்கார்ந்து எழும்போதெல்லாம் இந்த மூன்றும் மாறி மாறி நடந்துகொண்டேதான் இருக்கின்றன. பயிற்றுநர் உங்கள் படத்தில் கோடு போட்டுக் காட்டியது, அந்த ஒரு நொடியில் நீங்கள் நின்ற நிலையை மட்டுமே.

உங்கள் கைகளை இடுப்பின் இருபுறமும் வைத்து, முன்பக்கமாக விரல்களை நகர்த்தினால் புடைத்த எலும்பு முனை ஒன்று தட்டுப்படும். பின்பக்கம், அடிமுதுகில் இருபுறமும் சிறு குழிபோல் தெரியும் இடத்தை அழுத்தினால் இன்னொரு முனை கிடைக்கும். இந்த இரண்டு முனைகளையும் இணைக்கும் கோடு முன்பக்கமாகத் தாழ்ந்திருந்தால் அதை முன்சாய்வு என்று குறிக்கிறோம். அந்தக் கோடு தரைக்கு இணையாக இருப்பதுதான் இயல்பு என்றே பலரும் நம்புகிறார்கள். உங்கள் பயிற்றுநரும் அப்படியே நினைத்திருக்கிறார். முதுகிலோ இடுப்பிலோ வலி எதுவும் இல்லாத 120 பேரை இதே முறையில் அளந்து 2011-இல் வெளியான ஆய்வு ஒன்றில், ஆண்களில் 85 விழுக்காட்டினருக்கும் பெண்களில் 75 விழுக்காட்டினருக்கும் முன்சாய்வு இருந்தது. கோடு ஏறத்தாழ மட்டமாக இருந்தவர்கள் ஆண்களில் 9 விழுக்காடு, பெண்களில் 18 விழுக்காடு மட்டுமே. அதாவது, உங்களுக்கு இருப்பதாகச் சொல்லப்பட்ட 'குறை' நலமாக நடமாடும் பெரும்பாலானோருக்கு இருக்கிறது.

இன்னொரு சிக்கலும் உண்டு. மூக்கும் காதும் ஆளுக்கு ஆள் வேறுபடுவதுபோல் இடுப்பெலும்பின் வடிவமும் வேறுபடுகிறது. இறந்தவர்களின் உடல்களிலிருந்து எடுத்த 30 இடுப்புக்கூடுகளை ஒரே நிலையில் பொருத்தி அளந்த ஆய்வு 2008-இல் வெளிவந்தது. சாய்வே மாறாமல் நிறுத்தப்பட்டிருந்த அந்த எலும்புகளில், நான் மேலே சொன்ன இரண்டு முனைகளுக்கு இடையிலான கோட்டின் கோணம் ஓர் உடலில் 0 டிகிரியாகவும் இன்னோர் உடலில் 23 டிகிரியாகவும் இருந்தது. தசையே இல்லாத எலும்பில் இவ்வளவு வேறுபாடு என்றால், உடையின் மேலிருந்து எடுத்த கைப்பேசிப் படத்தின்மீது போட்ட கோட்டை வைத்து எந்தத் தசை இறுகியது, எது தளர்ந்தது என்று தீர்ப்பு சொல்வதற்கு இடமே இல்லை.

அறிக்கையில் உள்ள 14 டிகிரி

இந்த வரிதான் உங்களை மிகவும் பயமுறுத்தியிருக்கிறது. ஆனால் உங்கள் அச்சத்துக்கு நேர்எதிரான செய்தியையே அது சொல்கிறது. எக்ஸ்ரேயில் பெல்விக் டில்ட் என்று குறிப்பது, பயிற்றுநர் சொன்ன அதே அளவு அன்று. திருவெலும்பின் மேற்பரப்பின் நடுப்புள்ளியிலிருந்து தொடையெலும்புத் தலைகளின் மையத்துக்கு ஒரு கோடு போட்டு, அது செங்குத்துக் கோட்டிலிருந்து எவ்வளவு விலகுகிறது என்று பார்ப்பார்கள். இந்த அளவு கூடினால் இடுப்பு பின்னோக்கிச் சாய்கிறது என்று பொருள். குறைந்தால் முன்னோக்கிச் சாய்கிறது. வளர்ந்தவர்களில் இது 12, 13 டிகிரியை ஒட்டி இருப்பது வழக்கம். 20 டிகிரியைத் தாண்டினால்தான் முதுகெலும்பு அறுவை மருத்துவர்கள் கூர்ந்து கவனிப்பார்கள். அதுவும் முதுகெலும்பு முன்னால் கூனிவிட்டவர்களில், உடலை நிமிர்த்தி நிறுத்த இடுப்பு பின்னால் சாய்ந்து ஈடுகொடுக்கிறதா என்று அறிவதற்காக. உங்களுடைய 14 டிகிரி சராசரிக்கு மிக அருகில் இருக்கிறது. அறிக்கை எழுதியவர் அதை அளவாகக் குறித்திருக்கிறாரே தவிர, குறையாகக் குறிப்பிடவில்லை என்றே கருதுகிறேன்.

எதனால் சாய்கிறது?

உடற்பயிற்சிக் கூடங்களில் இன்று சொல்லப்படும் விளக்கத்தின் வேர், செக் நாட்டு மருத்துவர் விளாதிமிர் யாண்டா முன்வைத்த கருத்து. தொடையை மடக்கும் தசைகளும் அடிமுதுகுத் தசைகளும் இறுகி, வயிற்றுத் தசைகளும் பிட்டத் தசைகளும் தளர்ந்தால் இடுப்பு முன்னால் இழுக்கப்படும் என்று அவர் விளக்கினார். படத்தில் வரைந்து காட்டினால் மிகத் தெளிவாகப் புரியும் கருத்து. அதனாலேயே வேகமாகப் பரவியது என்று எனக்குத் தோன்றும். ஆனால் ஆட்களை நிறுத்தி அளந்து பார்த்தபோது அவ்வளவு சீராக அமையவில்லை. வயிற்றுத் தசையின் வலுவுக்கும் நிற்கும்போது உள்ள இடுப்புச் சாய்வுக்கும் தொடர்பு தென்படவில்லை என்று 1987-லேயே ஓர் ஆய்வு காட்டியது. சாய்வாக நிற்பவர்களில் வலுவான வயிறு உள்ளவர்களும் உண்டு. நேராக நிற்பவர்களில் வலுவற்றவர்களும் உண்டு.

நீண்ட நேரம் உட்கார்வதால் தொடையை மடக்கும் தசைகள் குறுகி, எழுந்த பிறகும் இடுப்பை முன்னால் இழுத்துப் பிடித்துக்கொள்கின்றன என்ற விளக்கத்தையும் அளவோடு எடுத்துக்கொள்ளுங்கள். உட்கார்ந்தே இருப்பதால் உடல் விறைப்பாவது உண்மை. மாலையில் உங்கள் வலி கூடுவதற்கும் அது ஒரு காரணமாக இருக்கலாம். ஆனால் நாற்காலியில் நாம் பெரும்பாலும் இடுப்பைப் பின்னால் சாய்த்தே உட்கார்கிறோம் என்பதை நினைத்துப் பார்த்தால், நாற்காலி நேராக முன்சாய்வை உண்டாக்குகிறது என்பது ஐயத்துக்கு உரியதாகிவிடும்.

சாய்வுக்கு மருத்துவக் காரணங்களும் உண்டு. இடுப்பு மூட்டுத் தேய்ந்து, தொடையை முழுமையாகப் பின்னால் நீட்ட முடியாமல் போனவர்கள் நிமிர்ந்து நிற்பதற்காக இடுப்பை முன்னால் சாய்த்துக்கொள்கிறார்கள். மல்லாந்து படுத்து ஒரு முழங்காலை மார்போடு அணைத்துக்கொள்ளச் சொல்லி, மறுகால் படுக்கையிலிருந்து எழும்புகிறதா என்று பார்க்கும் தாமஸ் பரிசோதனை இதைக் கண்டறிவதற்காகவே உள்ளது. முதுகெலும்புக் கண்ணி ஒன்று மற்றொன்றின்மேல் முன்னால் நகர்ந்திருத்தல், கருவுற்றிருக்கும் காலம், தசைச் சிதைவு நோய்கள், பெருமூளைவாதம் போன்றவையும் இந்தப் பட்டியலில் வரும். முதுமையில் முதுகெலும்பு கூன்விழும்போதும், முதுகெலும்பு அழற்சி நோயில் அடிமுதுகு விறைக்கும்போதும் பின்சாய்வு வரும். உங்கள் எக்ஸ்ரேயும் நீங்கள் சொல்லும் அறிகுறிகளும் இவற்றில் எதையும் சுட்டவில்லை.

உங்கள் தற்காப்பு முயற்சிகளைப் பற்றி

தொடையின் பின்தசையை நாள்தோறும் இழுத்து நீட்டுகிறீர்கள், அப்படியும் அது இறுக்கமாகவே இருக்கிறது என்று எழுதியிருக்கிறீர்கள். அந்தத் தசை தொடங்கும் இடம், நாம் உட்காரும்போது நாற்காலியில் அழுந்தும் எலும்பு முனை. இடுப்பு முன்னால் சாயும்போது அந்த முனை மேலேறுகிறது. தசை ஏற்கெனவே இழுபட்டு நிற்கிறது. இழுபட்ட தசையும் நமக்கு இறுக்கமாகவே உணரப்படும். ஆகவே, பயிற்றுநர் சொன்னதுபோல் உங்களுக்கு முன்சாய்வு அதிகம் என்றே வைத்துக்கொண்டாலும், இந்தப் பயிற்சி அந்தக் கணக்கிலேயே பொருந்தவில்லை. அதை நிறுத்திவிட்டு, அதே தசைக்கு வலுவூட்டும் பயிற்சி செய்வது நல்லது.

பிட்டத்தை இறுக்கியபடியே நிற்பதை இன்றே விட்டுவிடுங்கள். நிற்பதற்குத் தசைகள் மிகக் குறைந்த அளவே வேலை செய்தால் போதும் என்றுதான் நம் உடல் அமைந்திருக்கிறது. நாள் முழுவதும் இறுக்கிப் பிடித்தால் அந்தத் தசை சோர்ந்து வலிக்கும். நீங்கள் சொல்லும் புதிய பிட்ட வலி இதனால் வந்திருக்க வாய்ப்பு மிகுதி. வயிற்றை உள்ளிழுத்துப் பிடிப்பதும் மூச்சை மேலோட்டமாக்கி, முதுகை இன்னும் விறைக்கச் செய்யும். வயிறு சற்றுத் தள்ளித் தெரிவது உங்கள் மனத்தை உறுத்துகிறது என்று புரிகிறது. நிற்கும் நிலை, உண்ட நேரம், மாதவிடாய்ச் சுழற்சி, கொழுப்பின் அளவு, எலும்பின் வடிவம் எல்லாம் சேர்ந்துதான் அந்தத் தோற்றத்தைத் தருகின்றன. அதற்காக முதுகைத் தண்டிக்க வேண்டியதில்லை.

பெல்ட்டையும் இரண்டு வாரங்களுக்குள் படிப்படியாகக் குறைத்து நிறுத்திவிடலாம். நாட்பட்ட அடிமுதுகு வலிக்கு உலக சுகாதார நிறுவனம் 2023 டிசம்பரில் வெளியிட்ட வழிகாட்டுதல், இடுப்புப் பெல்ட்டுகளை வழக்கமான சிகிச்சையாகத் தர வேண்டாம் என்கிறது. உடற்பயிற்சித் திட்டத்தையும், வலியைப் பற்றி நோயாளிக்குத் தெளிவாக விளக்குவதையும் பரிந்துரைக்கிறது.

'ஒரு கால் குட்டை' என்ற தீர்ப்பு

இதில் நான் சற்று அழுத்தமாகவே பேச வேண்டியிருக்கிறது. இரு கால்களும் மில்லிமீட்டர் பிசகாமல் ஒரே நீளமாக இருப்பவர்கள் மிகக் குறைவு. இது பற்றிய ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்த 2005-ஆம் ஆண்டுக் கட்டுரை ஒன்று, பத்தில் ஒன்பது பேருக்கு ஏதேனும் வேறுபாடு இருக்கிறது, அதன் சராசரி சுமார் 5 மில்லிமீட்டர், 20 மில்லிமீட்டரை நெருங்கும்வரை பெரும்பாலோருக்கு அது பொருட்டாவதில்லை என்று கூறுகிறது. படுக்க வைத்து, இரு குதிகால்களையும் சேர்த்துப் பிடித்து, கண்ணால் பார்த்து 'குட்டை' என்று சொல்வது நம்பத்தக்க முறை அன்று. படுக்கும் நிலை கொஞ்சம் கோணினாலே குதிகால்களின் அளவு மாறித் தெரியும். ஐயம் இருந்தால், நிற்க வைத்து ஒரு காலின் கீழ் குறிப்பிட்ட தடிமனுள்ள பலகைகளை அடுக்கி இடுப்பு மட்டமாகும்வரை பார்ப்பது, அல்லது நின்ற நிலையில் எடுக்கும் எக்ஸ்ரேயில் அளப்பது என்ற வழிகள் உண்டு. உண்மையான நீள வேறுபாடு கணிசமாக இருந்தால், காலணிக்குள் சிறு மேடு வைப்பதே எளிய தீர்வு.

இடுப்பெலும்பு 'மேலே ஏறிவிட்டது' என்பதும் அப்படியே. திருவெலும்பும் இடுப்பெலும்பும் சேரும் மூட்டு உடலின் வலுவான மூட்டுகளில் ஒன்று. அதன் அசைவு சில டிகிரிகளுக்கும் ஓரிரு மில்லிமீட்டர்களுக்கும் உட்பட்டது. விபத்து போன்ற பெரும் தாக்குதல் இல்லாமல் அது இடம்பெயர்வதில்லை. கைகளால் சொடுக்கிச் சீர்செய்வதற்கு முன்பும் பின்பும், எலும்பில் நுண்ணிய உலோக மணிகளைப் பொருத்தி எக்ஸ்ரே மூலம் துல்லியமாக அளந்த 1998-ஆம் ஆண்டு ஆய்வில், சிகிச்சையாளர்கள் 'இப்போது சரியாகிவிட்டது' என்று உணர்ந்த பிறகும் அந்த மூட்டின் நிலை மாறியிருக்கவில்லை. பத்து பேரிடம் மட்டும் செய்த ஆய்வுதான்; ஆனால் அளந்த முறை மிக நுட்பமானது.

அப்படியானால் உங்களுக்கு ஓரிரு நாள் கிடைத்த இதம் பொய்யா? இல்லை. தொடுகையும் அழுத்தமும் சொடுக்கலும் தசையின் விறைப்பையும் வலி உணர்வையும் தற்காலிகமாகத் தணிக்கும். நான் மேலே சொன்ன அதே வழிகாட்டுதல், முதுகெலும்புக்குக் கைகளால் செய்யும் சிகிச்சையையும் மசாஜையும் தெரிவுகளாக ஏற்றுக்கொள்ளவே செய்கிறது. வலியைக் குறைத்து, உங்களைப் பயிற்சிக்குத் தயாராக்கும் துணைச் சிகிச்சையாக அதைக் கருதலாம். எலும்பை இடத்தில் வைக்கிறேன் என்று சொல்லி இருபது அமர்வுகளுக்குக் கட்டிப்போடுவதைத்தான் ஏற்க முடியாது.

இனி என்ன செய்யலாம்?

கோணத்தை மாற்றுவது நம் இலக்காக வேண்டாம். மாலை வரை வலியில்லாமல் வேலை செய்ய முடிவது, ஒரு மணி நேரம் நடக்க முடிவது, பாரத்தைத் தயங்காமல் தூக்க முடிவது: இவைதான் அளவுகோல்கள். இடுப்பும் வயிறும் வலுவடைந்த பலருக்கு, நிற்கும் நிலை படத்தில் அப்படியே இருக்க, வலி மட்டும் விலகிவிடுகிறது. நீங்கள் கேட்ட 'பயிற்சியால் நேராகுமா' என்ற கேள்விக்கு இதுவே என் பதில். சாய்வை நீங்கள் விரும்பியபோது மாற்றும் திறன் பயிற்சியால் கூடும். நீங்கள் நினைவில்லாமல் இயல்பாக நிற்கும் கோணம் அவ்வளவாக மாறாமல் போகலாம். அதனால் இழப்பு எதுவும் இல்லை.

முதல் பயிற்சியாக, தரையில் மல்லாந்து படுத்து, முழங்கால்களை மடக்கிப் பாதங்களை ஊன்றுங்கள். அடிமுதுகுக்கும் தரைக்கும் நடுவே உள்ளங்கையை நுழைத்துக்கொள்ளுங்கள். மூச்சை மெல்ல வெளியே விட்டபடி, அந்தக் கையை முதுகால் மெதுவாக அழுத்துங்கள். பிறகு மூச்சை இழுத்தபடி தளர்த்தி, முதுகு கையிலிருந்து விலகும்படி எதிர்ப்பக்கம் வளையுங்கள். பத்து முறை போதும். பிட்டத்தையோ தொடையையோ இறுக்காமல், கீழ்வயிறு மட்டும் வேலை செய்வதை உணர்வதற்குச் சில நாட்கள் ஆகும். வலியைத் தரும் எல்லைவரை போக வேண்டாம். 'முன்சாய்வு கெட்டது' என்று பயந்திருக்கும் உங்களுக்கு, இரு பக்கமும் உருள்வது பாதுகாப்பானது என்று உடல் மறுபடியும் கற்றுக்கொள்வதே இதன் பயன்.

அதே நிலையிலிருந்து, குதிகால்களை ஊன்றி இடுப்பை மேலே உயர்த்தி, தோளிலிருந்து முழங்கால்வரை ஒரே கோடாக வந்ததும் ஐந்து நொடிகள் நிறுத்தி இறக்குவது அடுத்த பயிற்சி. எட்டு முதல் பன்னிரண்டு முறை, இரண்டு அல்லது மூன்று சுற்று, வாரத்தில் மூன்று நாட்கள். எளிதாகிவிட்டால் ஒரு காலை நீட்டிக்கொண்டு செய்யலாம். மல்லாந்தபடி எதிரெதிர்க் கையையும் காலையும் மெதுவாக நீட்டி மடக்குவது, முழங்கைகளை ஊன்றிப் பலகைபோல் நிற்பது ஆகியவற்றையும் படிப்படியாகச் சேர்க்கலாம். தொடையின் முன்பக்கம் உண்மையாகவே இறுகியிருப்பது பரிசோதனையில் தெரிந்தால், ஒரு முழங்காலைத் தரையில் ஊன்றி மறுகாலை முன்னால் வைத்து, உடலை முன்னால் தள்ளி முப்பது நொடிகள் நிற்கலாம். இதில் அடிமுதுகை வளைத்துவிடுவது பலரும் செய்யும் தவறு. பிறகு, உடற்பயிற்சிக் கூடத்துக்கே திரும்பிப் போய், இடுப்பிலிருந்து குனிந்து எடையைத் தூக்குவதையும் உட்கார்ந்து எழுவதையும் குறைந்த எடையில் தொடங்குங்கள். பயிற்றுநர் மீது கோபம் வேண்டாம். அவர் தொழிலில் பரவலாகச் சொல்லப்படுவதைத்தான் அவரும் சொன்னார்.

கண்ணாடி முன் ஒற்றைக் காலில் அரை நிமிடம் நின்று பாருங்கள். தூக்கிய காலின் பக்கம் இடுப்பு சரிந்து தாழ்ந்தால், ஊன்றிய காலின் பக்கவாட்டுப் பிட்டத் தசைக்கு வலு போதவில்லை என்பதற்கான அடையாளம் அது. ஜெர்மானிய அறுவை மருத்துவர் டிரெண்டலன்பர்க் 1895-இல் விவரித்த அடையாளம் இது. உங்கள் பக்கச் சாய்வுக் குற்றச்சாட்டில் ஏதேனும் உண்மை இருந்தால், அது பெரும்பாலும் இங்கேதான் இருக்கும். பக்கவாட்டில் படுத்துக் காலை உயர்த்தும் பயிற்சி அதற்குப் போதும்.

அலுவலகத்தில் 'சரியான இருக்கை நிலை' ஒன்றைத் தேடி அலைய வேண்டாம். அரை மணிக்கு ஒருமுறை எழுந்து இரண்டு நிமிடம் நடப்பது, விலையுயர்ந்த நாற்காலியைவிடப் பெரும்பாலோருக்கு உதவுகிறது. பயிற்சியின் பலன் ஆறு முதல் பன்னிரண்டு வாரங்களில் தெரியத் தொடங்கும். இடையில் வலி ஓரிரு நாள் கூடலாம். மறுநாளைக்குள் அடங்கினால் அளவைச் சற்றுக் குறைத்துத் தொடருங்கள்.

மருத்துவரை உடனே பார்க்க வேண்டியவை

சிறுநீர் அல்லது மலம் கட்டுப்பாடின்றிப் போதல், சிறுநீர் கழிக்க முடியாமல் போதல், பிறப்புறுப்பைச் சுற்றி மரத்துப்போதல், காலில் வலு குறைந்துகொண்டே போதல் ஆகியவை வந்தால் அன்றே அவசர சிகிச்சைப் பிரிவுக்குச் செல்ல வேண்டும். காய்ச்சல், காரணமில்லாத எடை இழப்பு, படுத்தாலும் தணியாத இரவு வலி, முன்பு புற்றுநோய் இருந்தவர்களுக்கு வரும் புதிய முதுகுவலி ஆகியவையும் தள்ளிப்போடக் கூடாதவை.

உங்களைப் பொறுத்து ஒன்றை மட்டும் தனியாகச் சொல்ல வேண்டும். 45 வயதுக்குள் தொடங்கி, மூன்று மாதங்களுக்கு மேல் நீடித்து, ஓய்வில் கூடி, அசைந்தால் குறையும் முதுகுவலி சில சமயம் முதுகெலும்பு அழற்சியின் அறிகுறியாக இருக்கும். நடந்தால் குறைகிறது என்று நீங்கள் எழுதியதால் இதைக் கவனித்தேன். அந்த நோயில் காலை விறைப்பு பெரும்பாலும் அரை மணி நேரத்துக்கு மேல் நீடிக்கும். பின்னிரவில் வலி எழுப்பிவிடும். உங்கள் விறைப்பு பத்து நிமிடத்தில் தளர்வதாலும் மாலையில்தான் வலி கூடுவதாலும் ஐயம் குறைவு. ஆனாலும் விறைப்பு நீண்டுகொண்டே போனாலோ, கண் சிவந்து வலித்தாலோ, குடும்பத்தில் எவருக்கேனும் இந்த நோய் இருந்தாலோ மூட்டழற்சி மருத்துவரைப் பாருங்கள்.

மீதி அமர்வுகளும் குழந்தைப்பேறும்

சிகிச்சையாளரிடம் நேராகவே கேளுங்கள்: எந்த அளவீட்டால் இந்த முடிவுக்கு வந்தீர்கள், எத்தனை அமர்வுகளில் என்ன மாற்றம் தெரிய வேண்டும், தெரியாவிட்டால் அடுத்தது என்ன? தனக்குச் செய்யப்படும் சிகிச்சையின் காரணத்தையும் பலனையும் அபாயத்தையும் கேட்டுத் தெரிந்துகொள்வதும், ஒப்புக்கொண்ட சிகிச்சையை எந்தக் கட்டத்திலும் நிறுத்துவதும் நோயாளியின் உரிமை. முன்பணம் கட்டிவிட்டதால் உடலை ஒப்படைத்துவிட்டதாக ஆகாது. ஆறு அமர்வுகளில் நிலையான முன்னேற்றம் இல்லாத நிலையில், மீதித் தொகையைத் திருப்பித் தரும்படி எழுத்தில் கேளுங்கள், ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். தர மறுத்தால், மீதி அமர்வுகளை வலி தணிக்கும் மசாஜுக்கும் பயிற்சிகளைக் கண்காணிப்பதற்கும் பயன்படுத்தலாமா என்று பேசிப் பாருங்கள். கழுத்தை வேகமாகச் சொடுக்குவதற்கு மட்டும் சம்மதிக்க வேண்டாம். அடிமுதுகு வலிக்கு அது தேவையே இல்லை, அரிதாகக் கடுமையான தீங்கும் நேர்வதுண்டு. எக்ஸ்ரே படத்தையும் அறிக்கையையும் கேட்டு வாங்கி உங்களிடமே வைத்துக்கொள்ளுங்கள். அடுத்து பார்க்கும் மருத்துவர் மறுபடியும் எடுக்கச் சொல்லாமல் இருப்பதற்கு அது உதவும்.

குழந்தைப்பேறு பற்றிய உங்கள் கவலைக்கு அடிப்படை இல்லை. நீங்கள் நிற்கும்போது இடுப்பு எவ்வளவு சாய்ந்திருக்கிறது என்பது வேறு, குழந்தை வெளிவரும் எலும்புப் பாதையின் அகலம் வேறு. பிரசவத்தின்போது குந்தியும், மண்டியிட்டும், தொடைகளை வயிற்றோடு மடக்கியும் தாயின் நிலையை மாற்றுவதே இடுப்பின் சாய்வை வேண்டியபடி மாற்றிக்கொள்ளத்தான். பழைய இடுப்பு முறிவோ, சிறுவயதில் எலும்பை வளைத்த நோயோ இருந்தால்தான் தனியாக ஆராய வேண்டும். உங்கள் எக்ஸ்ரேயில் அப்படி எதுவும் இல்லை. கருவுற்ற காலத்தில் முதுகுவலியும் இடுப்பு வலியும் பொதுவாகவே பலருக்கு வருபவை. அதற்குள் உங்கள் முதுகையும் இடுப்பையும் வலுவாக்கிக்கொள்ள உங்களுக்கு நேரம் இருக்கிறது. கருவுற்றதும் முதல் பரிசோதனையிலேயே இந்த முதுகுவலியைப் பற்றி மகப்பேறு மருத்துவரிடம் சொல்லிவிடுங்கள். எந்தப் பயிற்சியைத் தொடரலாம், எதை மாற்ற வேண்டும் என்பதை அவருடன் பேசி உங்கள் இயன்முறை மருத்துவர் வகுத்துத் தருவார்.